விளை: குமரி மாவட்டத்துச் சொல் ஒன்றைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மார்த்தாண்டம் பக்கம் பத்திரம் எழுதுகிற ஒரு கடையில் பதினொரு வருஷமாக உட்கார்ந்திருக்கிறேன். மதுரையிலிருந்தும் சென்னையிலிருந்தும் இங்கே இடம் வாங்க வருகிறவர்கள், இங்கே பெண் எடுத்தவர்கள், வேலை மாற்றலாகி வந்த அதிகாரிகள் என்று யார் வந்தாலும் ரெண்டாவது நாளே கேட்கிற சொல் இதுதான். திருப்பித் திருப்பிச் சொல்லி வாய் வலித்துவிட்டதால் எழுதி வைக்கிறேன்.

விளை என்றால் என்ன? ஒரு வரியில் சொல்லுங்கள்.

நெல் போடாத, மேட்டுப் பாங்கான, மரமும் செடியும் கிழங்கும் கலந்து நிற்கிற நிலம். அவ்வளவுதான்.

ஒரு வரி போதவில்லை. தென்னந்தோப்பைத்தானே சொல்கிறீர்கள்?

இல்லை. தோப்பு என்றால் ஒரே மரம் வரிசையாக நிற்கும், மாந்தோப்பு, தென்னந்தோப்பு என்று. விளைக்கு அப்படி ஒரு ஒழுங்கு கிடையாது. எங்கள் ஆச்சி வீட்டு விளையை எடுத்துக்கொள்ளுங்கள், மொத்தமே 40 சென்ட்தான். அதில் தென்னை இருக்கும், நாலைந்து கமுகு இருக்கும், மூலையில் ஒரு புளி, அதற்கு இந்தப் பக்கம் சக்கை காய்க்கிற பிலாவு (உங்களுக்குப் பலா), பலாவின்மேல் நல்லமிளகுக் கொடி ஏறியிருக்கும், தென்னைக்கு நடுவில் மட்டி வாழை, வாழைக்கு நடுவில் மரச்சீனி (உங்களுக்கு மரவள்ளி), அதற்கும் இடையில் கிடைத்த இடத்தில் சேனை, சேம்பு, காச்சில் என்று கிழங்குகள். மேற்கு அதிரில் (எல்லையில்) கொல்லாமா (முந்திரி மரம்) ஒன்று சாய்ந்து நிற்கும், பாதி பழம் பக்கத்து வீட்டு விளையில் விழும், அதை வைத்து ஒரு முப்பது வருஷச் சண்டை உண்டு. கண்ணுக்குக் காடு மாதிரி இருக்கும். ஆனால் எந்த மரம் யார் வைத்தது, எந்தத் தென்னையில் காய் இனிக்கும் என்று ஆச்சிக்கு இருட்டிலும் தெரியும்.

சுற்றிலும் வேலி இருக்காது, கையாலை இருக்கும். கையாலை என்றால் மண்ணை வெட்டிக் குழைத்து மதில் மாதிரி அப்பி எழுப்புகிற வரம்பு. மழைக்காலத்தில் அதில் பாசி பிடித்துப் பச்சையாகிவிடும். இரண்டு மழையும் எங்களுக்கு உண்டு, இடவப்பாதியும் (தென்மேற்குப் பருவமழை) துலாமழையும் (வடகிழக்குப் பருவமழை), அதனால்தான் கிணற்றுத் தண்ணீர் இறைக்காமலேயே இவ்வளவு வகை ஒரே மண்ணில் நிற்கிறது. வானம் பார்த்த பூமி என்று மற்ற ஊரில் வருத்தத்தோடு சொல்வார்கள். இங்கே வானத்தைப் பார்த்துக்கொண்டு இருந்தாலே போதும் என்கிற மாதிரி ஒரு தெனாவட்டு விளைக்காரர்களிடம் இருக்கும்.

'விலை' என்பதைத்தான் தப்பாக 'விளை' என்று எழுதிவிட்டார்களா?

இந்தக் கேள்விக்குக் கோபம் வராமல் பதில் சொல்லப் பழகிக்கொண்டிருக்கிறேன்.

இரண்டும் இரண்டு சொல். விலை பொருளுக்கு, விளை மண்ணுக்கு. பேச்சில் ரெண்டும் முதல் எழுத்தில் இகரம் எகரமாகி 'வெலை', 'வெளை' என்று ஆகும் (இலை எலையாகிற மாதிரிதான்). அப்போதும் லகர ளகர வித்தியாசம் எங்கள் பக்கத்துக் கிழவிகள் வாயில் கத்தி மாதிரி விழும். "வெளைக்கு வெலை என்ன?" என்று எங்கள் ஊரில் ஒருத்தர் கேட்டால் யாருக்கும் குழப்பம் வராது. ஆங்கில எழுத்தில் எழுதும்போதுதான் வினையே, இரண்டையும் ஒரே மாதிரி எழுதித் தொலைக்க வேண்டியிருக்கிறது. அதைப் பார்த்துத் திரும்பத் தமிழாக்குகிறவர்கள் கண்ணை மூடிக்கொண்டு 'விலை' என்று போட்டுவிடுகிறார்கள்.

என் சொந்தக் கதையைச் சொல்கிறேன். எங்கள் வீட்டுப் பெயர் புளியடிவிளை. சென்னையில் படித்தபோது ஒரு சான்றிதழுக்கு எழுதிக் கொடுத்தேன், தமிழில், கொட்டை எழுத்தில். வந்த சான்றிதழில் 'புளியடி விலை' என்று இருந்தது. போய்ச் சொன்னேன். அங்கே இருந்தவர் என் விண்ணப்பத்தை எடுத்துப் பார்த்து, "நீங்கதான் தம்பி தப்பா எழுதியிருக்கீங்க, நான் திருத்தியிருக்கேன்" என்றார். எனக்கு ஒற்றெழுத்து சொல்லிக் கொடுக்கிற மாதிரி ஒரு சிரிப்பு வேறு. அந்தச் சான்றிதழ் இன்னும் அப்படியேதான் இருக்கிறது, அதை வைத்து எடுத்த மற்ற தாள்களிலும் புளியடிக்கு விலைதான்.

இது மலையாளச் சொல்தானே? கேரளத்திலிருந்து வந்ததுதானே?

அதிகமாகக் கேட்கப்படுவது இதுதான், கேட்பவர்கள் பெரும்பாலும் கேள்வியாகவும் கேட்பதில்லை, தீர்ப்பாகவே சொல்கிறார்கள். குமரி மாவட்டம் 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்ப் பக்கம் இருந்தது, திருவிதாங்கூரின் பழைய தலைநகரமே தக்கலைக்குப் பக்கத்துப் பத்மநாபபுரம்தான். அதனால் இங்கே பேசுகிற எதுவும் மதுரைக்காரருக்குப் புரியவில்லையென்றால் உடனே 'மலையாளம்' என்று முத்திரை குத்திவிடுவார்கள். எங்கள் பேச்சில் மலையாளம் இல்லை என்று நான் சொல்லவே மாட்டேன், தாராளமாக இருக்கிறது. விளை அந்தக் கணக்கில் வராது.

ஒரு வண்டியை எடுத்துக்கொண்டு கிழக்கே போங்கள். திசையன்விளை எங்கே இருக்கிறது? திருநெல்வேலி மாவட்டத்தில், செம்மண் தேரிக்காட்டுப் பக்கத்தில், பனை தவிர வேறொன்றும் லேசில் நிற்காத பூமியில். அங்கே திருவிதாங்கூரும் இல்லை, மலையாளமும் இல்லை. இன்னும் வடகிழக்கே போனால் தூத்துக்குடி மாவட்டத்தில் வெள்ளாளன்விளை. ஆங்கிலிக்கன் சபையின் முதல் இந்திய ஆயரான அசரியா 1874-இல் பிறந்த ஊர் அது. இந்த ஊர்க்காரர்கள் யாருக்கும் மலையாளம் வராது, ஆனால் ஊர்ப் பெயர் விளையில் முடிகிறது.

அங்கே விளை என்றால் தென்னையும் பலாவும் நிற்கும் என்று நினைத்துக்கொள்ளாதீர்கள். பனைதான் பிரதானம். மேட்டில், மழையை நம்பி, நெல் இல்லாமல் எது விளைகிறதோ அது விளை. பதநீர் கிடைக்கிற பனங்காடும் விளைதான் (குமரிப் பக்கம் பதநீரை அக்கானி என்போம், அது வேறு ஒரு பஞ்சாயத்து), பலா நிற்கிற எங்கள் மேட்டுப் பச்சையும் விளைதான்.

இலக்கணமாகப் பார்த்தாலும் ஒன்றும் சிக்கல் இல்லை. விளைதல் என்ற தொழில், விளைகிற இடத்துக்கு ஆகிவந்திருக்கிறது. தொழிலாகுபெயர் என்று பள்ளியில் படித்தோமே, 'வற்றல் தின்றான்' என்று உதாரணம் சொல்வார்களே, அதே வகை. 'நடை'யும் அப்படித்தான்: நடப்பதும் நடை, கோயிலில் நடக்கிற இடமும் நடை, "நடை சாத்தியாச்சு" என்று தினமும் சொல்கிறோம். யாரும் அதை அயல்சொல் என்பதில்லை.

அப்படியென்றால் கேரளத்தில் இந்தச் சொல் இல்லையா?

இருக்கிறது, அதில்தான் சுவாரஸ்யமே. நாகர்கோவிலிலிருந்து திருவனந்தபுரத்துக்கு நெடுஞ்சாலையில் போங்கள். களியக்காவிளை வரும், அதோடு தமிழ்நாடு முடியும். பாறசாலை தாண்டினால் நெய்யாற்றின்கரைக்கு முன்னால் அமரவிளை. உள்ளே திரும்பினால் பெருங்கடவிளை. திருவனந்தபுரம் நகரத்துக்குள்ளேயே வலியவிளை, மண்விளை. எல்லைக்கோடு ரோட்டில்தான் இருக்கிறது, சொல்லுக்கு இல்லை. அவர்கள் 'விள' என்று அகரத்தில் முடிப்பார்கள். நம் தலை அவர்களுக்குத் தல, மலை மல, வாழை வாழ, அதே கணக்கில் விளை விள. தெற்குக் கேரளத்தில் வீட்டுப் பெயர்களைக் கேட்டுப் பாருங்கள், புத்தன்விள வீடு என்று எங்கே பார்த்தாலும் இருக்கும்.

ஆனால் வடக்கே போகப் போகப் பொருள் மாறிவிடும். மலையாளத்தில் பொதுவாக 'விள' என்றால் பயிர். பயிர்க் காப்பீட்டை அவர்கள் விள இன்ஷுரன்ஸ் என்கிறார்கள். திரிசூர்க்காரர் ஒருவரிடம் "எனக்கு ஒரு விளை இருக்கிறது" என்று சொன்னால் என்ன பயிர் என்று கேட்பார். நிலத்தை அவர்கள் பறம்பு என்பார்கள், பாலக்காட்டுத் தமிழர்களும் அதே சொல்லைத்தான் சொல்வார்கள். அதாவது மலையாளத்தின் பொதுப் பொருளே இது இல்லை, தென்கோடிப் பேச்சு மட்டும்தான் எங்களோடு சேர்ந்து நிற்கிறது. வெள்ளாளன்விளையிலிருந்து திருவனந்தபுரம் வரை கடலோரமாக ஒரு கோடு போட்டால் அதற்குள் இந்தச் சொல் பெரும்பாலும் அடங்கிவிடும், அதை ஒரு மாநிலத்துக்கு எழுதிக் கொடுக்க முடியாது.

அப்புறம், விலை விளை குழப்பம் அவர்களுக்கும் உண்டு. விலை அங்கே 'வில'. போதாக்குறைக்கு ஆங்கிலத்தில் எழுதிய 'விள'வை வெளியூர்க்காரர்கள் வில்லா என்று வாசித்து, ஏதோ பணக்காரக் குடியிருப்பு என்று நினைத்துக்கொள்கிறார்கள். நில வியாபாரிகளுக்கு இது லாபம்தான், திருத்த மாட்டார்கள்.

ஏலா, புரையிடம், நிலம் என்று பத்திரத்தில் வருகிறதே, இவற்றுக்கும் விளைக்கும் என்ன வித்தியாசம்?

இதைக் கவனமாக வாசியுங்கள், காசு சம்பந்தப்பட்ட விஷயம்.

ஏலா என்பது நெல்வயல் பரப்பு. ரெண்டு மேட்டுக்கு நடுவில் பள்ளமாக, தண்ணீர் நிற்கிற மாதிரி நீளமாகக் கிடக்கும். மேட்டிலிருப்பது விளை, பள்ளத்திலிருப்பது ஏலா, இரண்டுக்கும் நடுவில் ஓரமாக வீடுகள். எங்கள் பக்கத்துப் பூமியின் படமே இதுதான். நாஞ்சில் நாட்டுச் சமவெளியில் வயலுக்குப் பற்று என்று சொல்வார்கள், அங்கே கண்ணுக்கெட்டிய தூரம் வயல், விளை குறைவு. கல்குளம், விளவங்கோடு பக்கம் வந்தால் மேடும் பள்ளமுமாக விளைதான் அதிகம். ஊர்ப் பெயர்களும் அப்படியே: நுள்ளிவிளை, மாத்திரவிளை, அம்மாண்டிவிளை, ஞாறான்விளை என்று அடுக்கிக்கொண்டே போகலாம்.

புரையிடம் என்றால் வீடு இருக்கிற, அல்லது வீடு கட்டக்கூடிய கரைநிலம். விளைக்குள் வீடு கட்டினால் அந்த விளையே புரையிடம்தான். பேச்சில் விளை, எழுத்தில் புரையிடம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

'நிலம்' என்ற சொல்தான் ஆளைக் கவிழ்க்கும். நமக்கு நிலம் என்றால் எந்த மண்ணும் நிலம்தான். கேரளத்து வருவாய்ப் பதிவில் நிலம் என்றால் நெல்வயல், புரையிடம் என்றால் கரை. எல்லைக்கு அந்தப் பக்கம் இடம் வாங்கப் போன எங்கள் ஊர்க்காரர் ஒருவர் தாளில் 'நிலம்' என்று கண்டதும், "ஆமா, நிலம்தானே வாங்குதோம்" என்று சந்தோஷமாக முன்பணம் கொடுத்துவிட்டு வந்தார். 2008-இல் அங்கே நெல்வயல், தண்ணீர்த் தடப் பாதுகாப்புச் சட்டம் வந்துவிட்டது, வயலை மண் போட்டு மூடி வீடு கட்டுவது லேசான காரியம் இல்லை. இந்த ஒரு சொல்லால் அவர் பட்ட பாட்டைக் கேட்டபிறகு, அந்தப் பக்கத்துத் தாள் எது வந்தாலும் முதலில் 'நிலமா, புரையிடமா' என்றுதான் பார்க்கிறேன்.

தமிழ்நாட்டுப் பட்டாவில் இந்தச் சொற்கள் எதுவும் வகையாக வராது, நஞ்சை புஞ்சைதான். விளை பெரும்பாலும் புஞ்சையில் போய் உட்காரும். ஆனால் புஞ்சை என்று சொன்னால் எங்கள் ஆட்களுக்கு மனசில் ஒரு படமும் வராது, அது கணக்குப்பிள்ளை சொல்.

பழைய ஆதாரத்தில் (பத்திரத்தில்) விளைக்குத் தனித்தனிப் பெயர் இருக்கிறதே, எப்படி வாசிப்பது?

எங்கள் பக்கத்தில் 1956-க்கு முந்தைய ஆதாரங்கள் பல மலையாளத்தில் இருக்கும் (கைபேசியில் இணைக்கச் சொல்கிற ஆதார் இல்லை, இதையும் ஒருவர் கேட்டார்). ஒவ்வொரு துண்டு விளைக்கும் பெயர் வைத்திருப்பார்கள். சர்வே எண்ணெல்லாம் மனுஷனுக்கு ஞாபகம் நிற்காது என்று தெரிந்துதான். தெக்கேவிளை, சரல்விளை (சரல் என்றால் பருக்கைக் கல் மண்), பனைவிளை, யாரோ ஒருவர் பெயரோடு ஒரு விளை. போன மாதம் ஒன்று வந்தது, தாள் மடிப்பில் கிழிந்து, பூச்சி தின்று, கையில் எடுத்தால் உதிரும். நாலதிர் எழுதியிருந்தது: கிழக்கே ஏலா, தெற்கே நடவழி, மேற்கே கையாலை, வடக்கே வேறொருத்தர் விளை. இப்போது போய்ப் பார்த்தால் ஏலாவில் வாழை நிற்கிறது, நடவழி தார் ரோடு, கையாலை காம்பவுண்ட் சுவர். வடக்கே விளை மட்டும் அப்படியே.

தேதி கொல்லம் ஆண்டில் இருக்கும். 1108 மகரம் என்று இருந்தால் பயப்பட வேண்டாம், சோழர் காலத்துத் தாள் இல்லை. 825-ஐக் கூட்டினால் 1933 வரும். சிங்கத்தில், அதாவது ஆவணியில், ஆண்டு பிறப்பதால் அதிலிருந்து டிசம்பர் முடிகிறவரை உள்ள தேதிக்கு 824 கூட்ட வேண்டும்.

ரப்பர் போட்டால் அது விளையா, எஸ்டேட்டா?

இதில் வீட்டுக்கு வீடு அபிப்பிராய பேதம். குலசேகரம், பேச்சிப்பாறை பக்கம் மலையடிவாரத்தில் பெரிதாக இருப்பது எஸ்டேட். வீட்டுக்குப் பின்னால் ஐம்பது மரம் வைத்திருப்பவர் "ரப்பர் வெளை" என்பார். என் அப்பா புளி, கொல்லாமா எல்லாவற்றையும் வெட்டிவிட்டு ரப்பர் வைத்தபோது ஆச்சி அதை விளை என்று சொல்லவே மறுத்துவிட்டார். "அங்க திங்குததுக்கு என்னலே இருக்கு?" என்பார். விளை என்றால் வீட்டில் அரிசி இல்லாத நாளில் போய் எதையாவது தோண்டிக்கொண்டு வர வேண்டும். அந்தத் தோண்டுகிற கதை மரச்சீனியின் கதை. 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜா அதைத் திருவிதாங்கூரில் பரப்ப முயற்சி எடுத்தார். வயல் இல்லாதவன் வயிற்றை அதுதான் காப்பாற்றியது. மேட்டு மண்ணில், தண்ணீர் விடாமல், குச்சியை ஒடித்து நட்டால் வருகிற கிழங்கு. மீன்குழம்பும் மரச்சீனியும் இன்றைக்கு ஓட்டலில் விலை போட்டு விற்கிற பண்டம், ஆச்சிக்கு அது பஞ்சகாலச் சாப்பாடு.

நான் ஆச்சி கட்சிதான். ஆனால் ரப்பர்ப் பால் விற்ற காசில்தான் நான் சென்னையில் படித்தேன் என்பதால் சத்தமாகச் சொல்வதில்லை.

"அவன் நல்ல வெளைஞ்சவன்" என்று ஒருத்தரைப் பற்றிச் சொன்னார்கள். பாராட்டா?

இல்லை. ஜாக்கிரதையாக இருக்கச் சொல்லியிருக்கிறார்கள்.

விளைதல் எங்கள் பேச்சில் முற்றுவதையும் குறிக்கும். தேங்காயில்தான் இது தெளிவாகத் தெரியும். இளநீர்ப் பருவத்தில் அது கருக்கு. குழம்புக்கு அரைக்க வேண்டுமென்றால் "வெளைஞ்ச தேங்கா" கேட்க வேண்டும். தென்னை ஏறுகிறவர் மேலே போய்க் குலையை விரலால் தட்டிப் பார்ப்பார், சத்தத்திலேயே விளைந்ததா இல்லையா என்று தெரிந்துவிடும், விளையாததைத் தப்பாக வெட்டிப் போட்டால் கீழே நிற்கிற ஆச்சியிடம் அன்றைக்குக் கூலி பேச முடியாது. இது தேங்காயிலிருந்து ஆளுக்குத் தாவும்போது வயதுக்கு மீறி முற்றியவன், பிஞ்சிலே பழுத்தவன், நாலும் தெரிந்த எமகாதகன் என்று ஆகிவிடும். மலையாளிகள் விளைந்த வித்து என்பார்கள், அதுவும் இதே குத்தல்தான்.

ஆனால் 'விளைந்த நெல்', 'விளையும் பயிர் முளையிலே தெரியும்' எல்லாம் நல்ல அர்த்தம். அதே பழமொழியை எங்கள் ஊர் வாத்தியார் ஒருத்தனைப் பார்த்து ஒரு மாதிரி இழுத்துச் சொன்னால் அர்த்தம் தலைகீழ். தொனியைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

"வெளைக்குப் போயிட்டு வாறேன்" என்று சொல்லிவிட்டுப் போகிறார்களே, என்ன வேலையாக?

மூன்றில் ஒன்று. தேங்காய் பொறுக்க, சுள்ளி பொறுக்க, பசுவை அவிழ்த்துக் கட்ட என்று உண்மையாகவே விளைக்குப் போகலாம். குடும்பச் சண்டை முற்றும்போது, கொஞ்ச நேரம் ஆள் கண்ணில் படாமல் இருக்கவும் போகலாம், எங்கள் மாமா பாதி வாழ்க்கையை அங்கேதான் கழித்தார். மூன்றாவது, வீட்டில் கக்கூஸ் இல்லாத காலத்துப் பேச்சு, எங்கள் வீட்டில் ஆச்சி கடைசிவரை அப்படித்தான் சொன்னார், உள்ளே டைல்ஸ் போட்ட பாத்ரூம் வந்த பிறகும். புது மருமகள்கள் "நானும் வாறேன் ஆச்சி, தேங்கா பொறுக்கணுமா?" என்று பின்னாலேயே போன கதை ஒன்றுக்கு மேல் உண்டு.

விளையாட்டு என்ற சொல் விளையிலிருந்து வந்ததா?

விளையில் ஆடியதால் விளையாட்டு என்று ஒரு பெரியவர் ஒரு கல்யாண வீட்டில் எனக்கு விளக்கினார். பந்தியில் பக்கத்தில் இருந்ததால் ஆமாம் என்று தலையாட்டினேன். விளையாட்டு தமிழ் பேசுகிற எல்லா ஊருக்கும் சொந்தம், விளை என்கிற நிலமோ தென்கோடியில் மட்டும். கோயம்புத்தூர்க் குழந்தை எதில் விளையாடியது? அங்கே தோட்டமும் காடும்தான். சோறு நன்றாக இருந்தது, விளக்கம் சரியில்லை.

களியக்காவிளை என்ற பெயருக்கு என்ன அர்த்தம்?

முன்பாதிக்கு ஆளுக்கொரு கதை வைத்திருக்கிறார்கள், இயக்கியம்மனைக் கொண்டுவருகிறவர்கள் அதிகம். பின்பாதிக்குக் கதையே வேண்டாம். மீனும் காய்கறியும் லாரி லாரியாக வந்து இறங்குகிற அந்தச் சந்தை நெரிசலில் நின்றுகொண்டு, இது ஒரு காலத்தில் யாரோ ஒருவருடைய விளை என்று நினைத்துப் பார்க்கத்தான் கொஞ்சம் கஷ்டமாக இருக்கும்.

விளையைப் பிளாட் போட்டு விற்றுவிட்டால் அந்த இடத்தை என்ன சொல்வது?

ஐந்து சென்ட், ஆறு சென்ட் என்று கல் ஊன்றி, முகப்பில் வளைவு கட்டி, ஏதாவது நகர், கார்டன், அவென்யூ என்று பெயர் வைப்பார்கள். தாளில் அது நிற்கும். வாயில் நிற்காது. எங்கள் கடைக்குப் பக்கத்திலேயே அப்படி ஒன்று இருக்கிறது. வாட்டர் டேங்க், சிமெண்ட் ரோடு எல்லாம் உண்டு, மரம் என்று சொல்ல ஒரு முருங்கை. சமையல் சிலிண்டர் கொண்டுவருகிற பையன் போன் பண்ணி அந்தப் புதுப் பெயரைச் சொல்லி வழி கேட்டால் டீக்கடைக்காரருக்குத் தெரியாது. "சரல்வெளையா? நேரே போ, மக்கா" என்றால் இருவருக்கும் தெரியும். வீடு வாங்கிய சென்னைக்காரர் ஒருவருக்கு இதில் வருத்தம், கார்டன் என்றுதானே காசு கொடுத்தேன் என்கிறார். கார்டன் என்பதும் ஏறக்குறைய விளைதான் சார் என்று சொன்னேன், சமாதானம் ஆகவில்லை.

பஸ்ஸில் எப்படிக் கேட்பது? "விளை போகுமா?" என்றால் போதுமா?

தயவுசெய்து அப்படிக் கேட்காதீர்கள். மார்த்தாண்டம் பேருந்து நிலையத்தில் நின்று "விளை போகுமா" என்று கேட்டால் நிற்கிற பஸ் எல்லாமே ஏதோ ஒரு விளைக்குப் போகும். முன்பாதியைச் சொல்ல வேண்டும், பின்பாதியை விட்டால்கூடப் பரவாயில்லை. கண்டக்டர்களே அப்படித்தான் செய்கிறார்கள், "களியக்கா, களியக்கா" என்றுதான் கூப்பிடுவார்கள், விளையை விழுங்கிவிடுவார்கள். 'களியல்' என்று வேறொரு ஊர் மலைப்பக்கம் இருக்கிறது, காதில் சரியாக வாங்கிக்கொண்டு ஏறுங்கள்.